ஏரிகளுக்குப் பெயர் வந்த விதம்

குருவும் செங்கமலமும் மலையேறிக்கொண்டிருந்தார்கள். அவள் முதுகுத் தூளியில் பிள்ளை. காய்ச்சலில் அழக்கூடத் தெம்பில்லாமல் துவண்டு கிடந்தான். அடுத்த பள்ளத்தாக்கில் ஒரு வைத்தியர் இருந்தார். இருட்டுவதற்குள் போய்ச் சேர வேண்டும்.

அந்த மலைகளில் ஊர் கிடையாது. ஒரு மலை, அதன் மடியில் ஓர் ஏரி, மறுபடியும் மலை. அவ்வளவுதான்.

முதல் ஏரியைச் சுற்றும்போது குரு சொன்னார்:

"இது குயிலி ஏரி. இந்தப் பாறை வழுக்கும். கையை ஊன்றி வா."

"குயிலி யாரு சாமி? ராணியா?"

"ஆடு மேய்த்தவள். அவள் வாயைத் திறந்தால் ஆடுகளே காதைப் பொத்திக்கொள்ளும்."

செங்கமலம் சிரித்துவிட்டாள். "அவ பேரைப் போயி ஏரிக்கு வெச்சாங்களா?"

"இந்தப் பாறையில்தான் வழுக்கி விழுந்தாள். இங்கே ஆள் செத்தால்தான் ஏரிக்குப் பெயர்."

அவள் தூளியின் முடிச்சைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

"அடுத்தது?"

"மாசாத்தன் ஏரி. அப்பனும் மகனும் மூழ்கிப் போனார்கள். கரையில் நின்ற மனைவி வந்து சொன்னாள்."

மேட்டில் வழி இரண்டாகப் பிரிந்தது. இடப்பக்கம் மாசாத்தன் ஏரி. கல்லும் முள்ளுமாகச் சுற்றுவழி. வலப்பக்கம் அகலமான ஓர் ஏரி. கரை முழுக்கப் பச்சைப் புல். அதற்கு அப்பால், வைத்தியர் வீட்டுப் புகை.

"அந்த ஏரிக்கு என்ன பேரு சாமி?"

"பெயர் இல்லை."

"அப்ப யாரும் சாகலை!" அவள் முகம் தெளிந்தது. "இப்படியே போயிடலாம் சாமி."

குரு இடப்பக்கம் திரும்பினார்.

"பிள்ளை உடம்பு அனலாக் கொதிக்குது. செத்தவங்க வழியிலேயே எதுக்குக் கூட்டிட்டுப் போறீங்க?"

"மாசாத்தன் எங்கே கால் வைத்தான் என்று எனக்குத் தெரியும். அங்கே நான் வைக்க மாட்டேன்."

"நீங்க சுத்திட்டு வாங்க. நான் போறேன்."

அவர் தடுக்கவில்லை. அவள் விடுவிடென்று புல்லை நோக்கி இறங்கினாள். பிறகு நின்றாள்.

"சொல்லுங்க சாமி. இந்த ஏரியில ஒருத்தராவது செத்ததா நீங்க கேள்விப்பட்டதுண்டா?"

"இல்லை. பெயர் வைக்க வேண்டுமென்றால், போனவர்களில் ஒருவராவது திரும்பி வந்து சொல்ல வேண்டும், அம்மா."