டொக்குன்னு போன நடைவண்டி

ஒரு ஊர்ல ஒரு கதவு ஆசாரி இருந்தாராம். பேரு கொம்பையா. நம்ம வீட்டு வாசக்கதவு மாதிரி இல்லடி கயலு, அவர் செய்யிறது காலக் கதவு. திறந்து உள்ள போனா முந்தாநேத்துக்கும் போகலாம், அடுத்த வருசத்துக்கும் போகலாம். ஆனா எங்க கொண்டு விடும்னு செஞ்சவருக்கே தெரியாது. அதுதான் வம்பு. ம் கொட்டு.

ம்.

அந்தப் பட்டறையில ஒரு வழக்கம். கதவைச் செஞ்சவன்தான் முதல்ல நுழைஞ்சு பாக்கணும். கொம்பையாவோட அப்பா மூக்கையா ஆசாரி அப்படித்தான் ஒரு நாள் காலையில, "கஞ்சி ஆறுறதுக்குள்ள வந்துருதேன்"னு சொல்லிட்டு, காதுல சொருகின பென்சிலோட உள்ள போனாரு. படார்! கதவு சாத்திக்கிச்சு. தள்ளிப் பாத்தாங்க, கடப்பாரை போட்டு நெம்பிப் பாத்தாங்க, ஒடைச்சே பாத்துட்டாங்க. பின்னாடி வெறும் சுவரு. அப்போ கொம்பையா நடைவண்டி புடிச்சு நடக்கிற புள்ளை. கஞ்சி ஆறிப்போச்சு, வருசமும் முப்பத்தஞ்சு ஓடிப்போச்சு.

அப்புறம் கொம்பையா வளந்து, ஆசாரியாகி, மூணு கதவு செஞ்சு நிறுத்தினாரு. "நாளைக்கு நான் நுழையப் போறேன்"னாரு.

அவர் பொண்டாட்டி ஆவுடை விடுவாளா? "உங்க அப்பா போனது பத்தாதா? நீங்களும் போயிட்டா நான் யாரைப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்க?"

"வழக்கம்னா வழக்கந்தாண்டி. நானே நுழையலன்னா ஊர்க்காரன் எவன் நம்பி நுழைவான்?"

"அப்ப எனக்கு மூணு நாள் குடுங்க. மூணாம் நாளு நானே உங்களை வழியனுப்புதேன்."

சரின்னுட்டாரு. ஆவுடை இருக்காளே, அவ புத்தியை என்னன்னு சொல்றது! பரண்ல ஏறினா. மூக்கையா தன் மவனுக்குச் செஞ்ச அதே நடைவண்டியை இறக்கினா. மூணு சக்கரத்துல ஒன்னு விண்டுபோய்க் கிடந்துச்சு. ஊருக்கெல்லாம் கதவு செய்யிற மனுசனுக்கு வீட்டு வண்டிக்குச் சக்கரம் மாட்ட நேரமில்ல, எல்லா வீட்டுலயும் இதே கதைதான். அந்த வண்டியில மூணடுக்கு டிபன் கேரியரை வச்சுக் கட்டினா. மேல் அடுக்குல ஒரு அகல் விளக்கு, மூடியில பொடிப்பொடியா ஓட்டை. நடு அடுக்குல வெதுவெதுன்னு பால், அதுல உறை மோர் ஒரு சொட்டு. அடி அடுக்குல புளிச்சோறு. அதே பால்ல அதே மோரை ஊத்தி, இன்னொரு கிண்ணத்தை வெளியவே வச்சுக்கிட்டா. வண்டிக்குப் பின்னாடி கிணத்துக் கயிறு. கதவு சாத்திக்காம இருக்க இடுக்குல ஆட்டுக்கல்லு. அந்த வண்டிக்கு 'முந்திப்போறவ'ன்னு பேரும் வச்சா.

"சோறு எதுக்குடி? கதவுக்குப் பசிக்குமா?"ன்னு சிரிச்சாரு கொம்பையா.

"அந்தப் பக்கம் யாரும் இருந்தா, வந்தவ வெறுங்கையோடவா போவா?"ன்னா ஆவுடை.

முதல் நாள், முதல் கதவு. ஒரு தள்ளு. கடகட டொக், கடகட டொக்... அந்த விண்ட சக்கரம் பண்ற சத்தம். உள்ள போச்சு. சாயங்காலம் இழுத்தா, கடகட டொக்னு வந்துச்சு. விளக்கு அணைஞ்சிருக்கு. எண்ணெய் அப்படியே ததும்புது.

"காத்து ஊதி அணைச்சிருக்கும்"னாரு கொம்பையா.

"காத்து அடிச்சு அணையாமத்தான் மூடி போட்டிருக்கேன். மூச்சு விட அங்க காத்தே இல்ல, அதான் அணைஞ்சிருக்கு."

இன்னொரு தரம் விளக்கை ஏத்தி உள்ள தள்ளி, உடனே இழுத்தாங்க. அணைஞ்சுதான் வந்துச்சு. கொம்பையா தன் கழுத்தைத் தடவிப் பாத்துக்கிட்டாரு. அந்தக் கதவுக்குக் குறுக்கே ஆணி அடிச்சாச்சு. முழிச்சிருக்கியா?

ம்.

ரெண்டாம் நாள், ரெண்டாம் கதவு. கடகட டொக், கடகட டொக். சாயங்காலம் இழுத்துத் திறந்தா, குப்புனு ஒரு நாத்தம்! வெளிய இருந்த பால் அப்பத்தான் தயிராகி இருக்கு. உள்ள போன பாலோ பச்சைப் பாசி பூத்து, காஞ்சு, பாளம் பாளமா வெடிச்சுக் கிடக்கு. சோத்துல காடே முளைச்சிருக்கு.

"நமக்கு ஒரு பகலு, அங்க பல மாசம். நீங்க போயி எட்டிப் பாத்துட்டு வந்திருந்தா, தாடி முழங்காலைத் தொட்டிருக்கும். எனக்குப் புருசன் வேணும், தாத்தா வேண்டாம்"னா ஆவுடை. கடிகாரம் நின்னு போகும், ஓடாம ஏமாத்தும். உறை ஊத்தின பால் பொய் சொல்லாது. அது அவளுக்குத்தான் தோணிச்சு. எத்தனை ஆசாரி, எத்தனை தலைமுறை, ஒருத்தருக்கும் தோணலையே!

அப்புறம் மூணாம் நாள், மூணாம் கதவு. கடகட டொக், கடகட டொக். உள்ள போச்சு. சாயங்காலம் ஆவுடை கயித்தை இழுத்தா. பாதி இழுத்துட்டு அப்படியே நின்னுட்டா.

"சத்தத்தைக் கேட்டீங்களா?"

"என்ன சத்தம்? ஒன்னும் கேக்கலையே."

"அதைத்தான் சொல்லுதேன்."

மெதுவா இழுத்தா. கடகடகடகட... டொக் எங்க? டொக்கைக் காணோம்! வண்டி வெளிய வந்துச்சு. விளக்கு எரியுது. உள்ள பாலும் தயிரு, வெளிய பாலும் தயிரு, ரெண்டும் ஒரே பதம். அடி அடுக்கு பளிச்சுனு கழுவியிருக்கு, சோறு இல்ல. ஏனத்தை வெறுசாத் திருப்பிக் குடுக்கக் கூடாதுன்னு, அதுல ஒரு கை நெல்லிக்காய். விண்ட சக்கரம் இருந்த இடத்துல புதுச் சக்கரம்.

கொம்பையா குனிஞ்சு பாத்தாரு. புதுச் சக்கரத்து நடுவுல உளியால போட்ட மூணு கோடு. பழைய சக்கரம் ரெண்டுலயும் அதே மூணு கோடு. அது மூக்கையா போடுற அடையாளம்.

"எங்க அப்பாடி..."ன்னு கத்திக்கிட்டு கதவைப் பாத்துப் பாஞ்சாரு. ஆவுடை அவர் வேட்டியை எட்டிப் புடிச்சுட்டா.

"நில்லுங்க! எனக்கும்தான் ஓடிப் போகணும் போல இருக்கு. முப்பத்தஞ்சு வருசம் பொறுத்தாச்சு, இன்னும் ஒரு நடை முந்திப்போறவ போயிட்டு வரட்டும்."

அப்படிச் சொல்லிட்டு அடுப்படிக்கு ஓடினா. கஞ்சி கொதிச்சுக்கிட்டு இருந்துச்சு. கொதிக்கக் கொதிக்க அடி அடுக்குல ஊத்தி, மூடி, வண்டியைத் தள்ளினா. கடகடகடகட... ரெண்டு பேரும் மூச்சைப் புடிச்சுக்கிட்டு நிக்காங்க. நீயும் புடிச்சுக்கிட்டியா? விடு, விடு.

அப்போ கயிறு ஆடிச்சு. வெடுக், வெடுக், வெடுக். ஆவுடை இழுக்கவே இல்ல. வண்டி தானா வருது. அதைத் தள்ளிக்கிட்டு, தளர்நடை போட்டு, நடை பழகுற புள்ளை மாதிரி ஒரு கிழவரு வர்றாரு. தலை பஞ்சா நரைச்சிருக்கு, காதுல மட்டும் அதே பென்சில்.

"அப்பா, கதவு திறந்திருந்துச்சே, அப்பவே வந்திருக்கலாமே!"ன்னு கொம்பையா அழுதாரு.

"நான் ஒரு தரம் அவசரப்பட்டவன்லா. சக்கரம் முழுசாப் போய்ச் சேருதான்னு பாப்போம்னு நின்னேன். கஞ்சி வந்துச்சு, போய்ச் சேந்துட்டுன்னு தெரிஞ்சுது" அப்படின்னு சொல்லிட்டு ஆவுடையைப் பாத்தாரு. "வண்டியை நான் செஞ்சேன். கதவை என் மவன் செஞ்சான். ஆளு உயிரோட வர்ற வழியைச் செஞ்சது நீதான் தாயி. அன்னைக்கே நீ இருந்திருந்தா, இவன் வளர்றதை நான் கண்ணால பாத்திருப்பேன்."

அப்புறம் அவர் கேரியரோட அடி அடுக்கைத் தொட்டாரு. விரலை வெடுக்குனு எடுத்தாரு.

"சுடுது. பாத்தியாடா, கஞ்சி ஆறுறதுக்குள்ள வந்துட்டேன்."

அன்னையில இருந்து அந்த ஊர்ல எந்தக் கதவுக்கும் ஆளு முதல்ல போறதில்ல. முந்திப்போறவதான் முதல்ல போவா. கயலு? ஏ கயலு? ம் கூடக் காணோம். சரி, கஞ்சியும் குடிச்சாச்சு, கதவையும் சாத்தியாச்சு, அத்தை கதையும் அம்புட்டுத்தான். நீ தூங்கு.