கவுதாரிக்குத் தண்டோரா

கரட்டூர் ஜமீனில், கவுதாரி குஞ்சு பொரிக்கிற காலத்தில் யாரும் கண்ணி வைக்கக் கூடாது என்று கட்டளை இருந்தது. மீறினால் ஊரைவிட்டே துரத்திவிடுவார்கள். அந்தச் சமயம் பார்த்துத்தான் காரியஸ்தர் தாண்டவராயர் வேட்டைக்காரி குருவம்மாளைக் கூப்பிட்டனுப்பினார்.

"என் மருமகன் விருந்துக்கு வர்றார். பொழுது சாயறதுக்குள்ள கவுதாரி வந்தாகணும். இல்லேன்னா உன் குடிசை இருக்காது."

"கட்டளை இருக்கே, சாமி?"

"அது உனக்கு. எனக்கில்ல. மாட்டிக்கிட்டா என் பேரை எடுக்காதே."

பிடித்தால் ஊர் இல்லை, பிடிக்காவிட்டால் குடிசை இல்லை. கண்ணியைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பிய குருவம்மாள், காட்டுக்குப் போகாமல் நேரே தண்டோராக்காரர் வீட்டுக்குப் போனாள்.

சற்று நேரத்தில் அரண்மனை வாசலில் பறை முழங்கியது.

"காரியஸ்தர் வீட்டு விருந்துக்குக் குருவம்மா கவுதாரி பிடிக்கப் போறா! யாரும் தடுக்காதீங்க!"

ஊரே கூடிவிட்டது. ஜமீன்தார் மாடியிலிருந்து இறங்கி வந்து, காரியஸ்தரை வரவழைத்தார்.

"கவுதாரி கேட்டீரா?"

தாண்டவராயர் கூட்டத்தில் நின்ற குருவம்மாளைக் கைகாட்டினார். "நான் கேக்கவே இல்ல, எஜமான்! இவ பொய் சொல்றா. துரத்துங்க இவளை!"

"நான் இன்னும் கண்ணியே வைக்கலைங்க, எஜமான்" என்றாள் குருவம்மாள். "என் காதுலதான் தப்பா விழுந்திருக்கும். கவுதாரி வேண்டாம்னு ஐயா ஒரு வார்த்தை சொல்லிட்டா வீட்டுக்குப் போயிடறேன்."

கூட்டம் காரியஸ்தரின் வாயையே பார்த்தது.

"வேண்டாம்" என்று முனகினார்.

"கொஞ்சம் சத்தமா, சாமி. தண்டோராக்காரருக்குக் கேக்கணும்."