மூன்று தடவை கூப்பிடும் இடம்

அஞ்சுகம் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். மடத்துச் சமையலுக்குக் கை கொடுக்க வந்தவள், காலையிலிருந்து வாய் திறக்கவில்லை. எதிரே மடத்தை நடத்தும் மடத்தம்மா. வயதில் இவளைவிட இளையவள்தான். ஆனாலும் ஊரே அம்மா என்றுதான் சொல்லும்.

"காம்பும் சேர்ந்து விழுது. ஆட்டுக்கா போடப் போற?"

அஞ்சுகம் காம்பைப் பொறுக்கி எடுத்தாள்.

"இன்னிக்கு வர்றாங்கம்மா. ஒத்துக்கலாமா, வேண்டாமா?"

பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருந்த அவளை வேலையை விட்டு நீக்கி மூன்று வருஷமாகிறது. வழக்கு இழுத்துக்கொண்டே போகிறது. இப்போது தாளாளரே மடத்துக்கு நேரில் வருகிறாராம். கோர்ட்டுக்கு வெளியிலேயே பேசி முடித்துக்கொள்ளலாம் என்கிறாராம்.

"என்ன தர்றாராம்?"

"பாக்கிச் சம்பளம். நீக்கினது தப்புன்னு எழுதியும் தர்றாராம். வேலை மட்டும் கிடையாதாம்."

"உனக்குத் திரும்பிப் போகணுமா?"

"அந்த வாசலையே மிதிக்க மாட்டேன்."

"அப்ப எது குறையுது?"

அஞ்சுகம் அடுத்த கொத்தை எடுத்தாள்.

"போன வாய்தாவுக்கு வர வேண்டாம்னுதானே வக்கீல் சொன்னார். விடியக்காலையில பஸ் ஏறிப் போனியே."

"சும்மாதான் போனேன்."

"சும்மா யாராவது அவ்வளவு தூரம் போவாங்களா?"

உருவிக்கொண்டிருந்த கை நின்றுபோயிற்று.

"பேரைக் கூப்பிடுவாங்கம்மா. மூணு தடவை. அஞ்சுகம், அஞ்சுகம், அஞ்சுகம்னு. வராந்தா பூரா கேக்கும்." குரல் இறங்கிவிட்டது. "வீட்டுல கூப்பிட ஆள் இல்ல. கூட வேலை பார்த்தவங்க என்னைக் கண்டா ரோட்டுக்கு அந்தப் பக்கம் போயிடறாங்க. வழக்கு முடிஞ்சா இதுவும் இல்ல."

மடத்தம்மா தானும் ஒரு கொத்தை எடுத்து உருவ ஆரம்பித்தாள்.

"நேரங்கழிச்சு வந்த பிள்ளைங்களை அன்னிக்குத் தாளாளர் வெயில்ல நிறுத்தினாரே. நீ எப்படி உள்ளே கொண்டுவந்தே?"

"பேர் சொல்லித்தான் கூப்பிட்டேன். ஒவ்வொண்ணா."

"கூப்பிட்டு?"

"வந்து உக்காருன்னேன். அதுக்குத்தானே வேலை போச்சு."

"கோர்ட்டுல உன்னைக் கூப்பிட்டு?"

அஞ்சுகம் கையிலிருந்த கொத்தைக் கீழே வைத்தாள்.

"கூப்பிட்டதும் போய் நிப்பேன். வேற தேதி சொல்லுவாங்க. சொல்லிட்டு, வெளியில போய் நில்லு..."

"அஞ்சுகம் டீச்சர்."

தாளாளரின் குரல். வேலிக்கு அப்பால், தலையில் கைக்குட்டையைப் போட்டுக்கொண்டு, உச்சி வெயிலில் நின்றிருந்தார். உள்ளே வரலாமா, கூடாதா என்று அவருக்குத் தெரியவில்லை. யாரும் அவரை வரச் சொல்லவும் இல்லை.

அஞ்சுகம் மடத்தம்மாவைப் பார்த்தாள்.

"என்னை ஏன் பாக்கிற? உனக்குத்தான் கூப்பிடத் தெரியுமே."