துடைக்காத கைப்பிடி

"என்ன போட்டாலும், 'அந்த வயலின் மாதிரி இல்லையே'ங்கிறார் டைரக்டர். என்னால முடியலை மேடம்."

அருளப்பனுக்கு ஐம்பது தாண்டிவிட்டது. மெல்லிசைக் குழுவில் அடுத்தவர் பாட்டுக்குக் கீபோர்டு வாசித்தே பாதி ஆயுள் போயிற்று. இது அவர் இசையமைக்கும் முதல் படம். நண்பர்கள் சேர்ந்து எடுக்கிற சின்னப் படம்தான். வெள்ளிக்கிழமைக்குள் பின்னணி இசை வராவிட்டால் வேறு ஆளைப் பார்த்துக்கொள்வார்கள்.

அவருக்கு இசையமைக்கக் கற்றுக்கொடுக்கும் குரு தமயந்திக்கு அவரைவிட இருபது வயது குறைவு. அதனாலென்ன, குரு குருதான்.

"என்ன காட்சிண்ணே?"

"மக காய்ச்சல்ல போயிட்டா. காரியம் முடிஞ்ச மறுநாள், அப்பன் அவ ஸ்கூட்டரைக் கழுவித் துடைக்கிறான்."

வெட்டி ஒட்டும்போது வெறுமையாக இருக்கிறதே என்று, எடிட்டர் ஏதோ வெளிநாட்டு வயலினை அடியில் போட்டு வைத்திருந்தார். ஊரார் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே! தற்காலிகத்துக்குப் போட்டதுதான். அதோடு பார்த்துப் பார்த்து டைரக்டர் சொக்கிப்போனார். இந்தத் தொழிலைப் பிடித்த சனியன் இது.

தமயந்தி கீபோர்டை இழுத்து ஒரு மெட்டு வாசித்தாள். கல்லும் கரையும்.

"உங்க பேர்லயே போட்டுக்கோங்க."

அருளப்பனுக்குக் கண் கலங்கிவிட்டது. அன்று மாலையே டைரக்டர் கேட்டு, அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்.

வியாழக்கிழமை காலை அருளப்பன் மறுபடி வந்து நின்றார்.

"உங்க மெட்டைப் படத்துலேருந்து எடுத்துட்டேன்."

தமயந்திக்குச் சுருக்கென்றது. "டைரக்டருக்குப் பிடிச்சிருந்ததே?"

"பிடிச்சுது. எனக்குத்தான் உறுத்திக்கிட்டே இருந்துச்சு. எல்லாச் சத்தத்தையும் நிறுத்திட்டு வெறும் படத்தைப் பார்த்தேன். வண்டி முழுக்கத் துடைக்கிறான். கைப்பிடிகிட்ட போய்த் துணியை எடுத்துடுறான். மக பிடிச்ச இடமாச்சே. இத்தனை நாள் பார்த்தும் அது என் கண்ணுல படலை."

"அதனால?"

"உங்க மெட்டு அதையும் சேர்த்துத் துடைச்சிடுது மேடம்."

"உங்களோடதைப் போடுங்க."

போட்டார். தாழ்ந்த சுருதியில் ஒற்றை ஆர்மோனியம், துணியோடு துணியாக நகர்ந்தது. கைப்பிடி வந்ததும் ஒதுங்கி நின்றுகொண்டது.

"நானா இருந்தா இப்படிப் போட மாட்டேன்" என்றாள் தமயந்தி. "டைரக்டர் ஒத்துக்க மாட்டார். படம் கையைவிட்டுப் போயிடும்."

"போகட்டும். மாத்த மாட்டேன்."

"நான் சொன்னாக்கூடவா?"

"நீங்க சொன்னாலும்தான்."

அவர் பார்வை தாழவில்லை.

தமயந்தி எழுந்து வாசலுக்குப் போனாள். அங்கே கிடந்த அவர் செருப்பைக் குனிந்து தன் கையாலேயே எடுத்து, தெருவைப் பார்க்கத் திருப்பி வைத்தாள்.

"நாளைக்கு வெள்ளிக்கிழமைண்ணே. இனிமே இங்க உங்களுக்குக் கத்துக்க என்ன இருக்கு?"