மூன்றாவது பெயர்

மலைக்கு ஜீப் ஏறாத காலம் அது. மலையூர் மக்களின் வம்சங்களை ஆராய வந்த பேராசிரியர் ஞானசிகாமணிக்கு அந்த ஊர்ப் பொம்மிதான் சமைத்துப் போட்டாள்.

ஒரு மாதமாகியும் மலைக்காரர் எவரும் தம் முன்னோர் பெயரை அவரிடம் சொல்லவில்லை.

“நாளைக்குள் ஏழு தலைமுறைப் பெயர் வரவேண்டும்! இல்லையென்றால், ‘முன்னோரை மறந்த கூட்டம்’ என்று புத்தகத்தில் எழுதிவிடுவேன்” என்று அவர் பொம்மியிடம் சொன்னார்.

பொம்மிக்குச் சுருக்கென்றது. அச்சில் ஏறினால் அழியாதே!

“சொல்லுவாங்க ஐயா. ஆனா செத்தவங்க பேரைக் கேக்கிறவர், முதல்ல தன்னோட ஆளுங்க பேரைச் சொல்லணும். அதுதான் இங்கே வழக்கம்.”

“இதை ஏன் முன்பே சொல்லவில்லை?”

“பேரைத்தானே கேட்டீங்க. எப்படிக் கேக்கணும்னு கேக்கலையே!”

மறுநாள் ஊர் கூடியது. பேராசிரியர் அப்பா பெயரைச் சொன்னார், தாத்தா பெயரைச் சொன்னார். பிறகு கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

“ரெண்டுதானா? ஐயா, இந்த மறந்த கூட்டத்தையும் புத்தகத்திலே எழுதிடுங்க” என்றாள் பொம்மி.

ஊரே சிரித்தது. கடைசியில் அவரும் சிரித்தார். அப்புறம் ஆளாளுக்கு ஒன்பது தலைமுறை சொன்னார்கள்; அவர் பென்சில்தான் தேய்ந்தது.

பல வருடம் கழித்துப் புத்தகம் மலையேறி வந்தது. முதல் பக்கத்தில் அவர் வம்சம்: மூன்று பெயர்கள். மூன்றாவதைத் தன் சொந்த ஊருக்குப் போய் அத்தையிடம் கேட்டுச் சேர்த்தாராம்.

படிக்கத் தெரிந்தவர் யார் வந்தாலும், பொம்மி இன்றும் அந்தப் பக்கத்தைத்தான் வாசிக்கச் சொல்கிறாள்.