தவிட்டான் என்ற பெயர் வந்த விதம்

காகமும் கன்றும் மனிதர்களோடு வாய்விட்டுப் பேசிக்கொண்டிருந்த அந்தக் காலத்தில், ஓர் ஆற்றோரத்து ஊரில் பாவாயி என்றொரு பெண் இருந்தாள். அவள் புருஷன் சடையன் எருமை மேய்ப்பவன். அவர்களுக்கு அடுத்தடுத்து இரண்டு ஆண்பிள்ளைகள் பிறந்தார்கள். மூத்தவனுக்குப் பொன்னழகன் என்று பெயர் வைத்தார்கள். தவழத் தொடங்கிய மாதத்தில் அவன் போய்விட்டான். இளையவனுக்கு முத்தரசன் என்று பெயர் வைத்தார்கள். முதல் பல் எட்டிப்பார்த்த வாரத்தில் அவனும் போனான்.

அப்போதெல்லாம் சாவு சொல்லாமல் வராது. காலன் ஓலை எழுதிக் காகத்திடம் கொடுத்தனுப்புவான். காகம் பட்டப்பகலில் வந்து கூரைமேல் உட்கார்ந்து ஓலையைப் படிக்கும். "இன்னாள் மகன் இன்னான், இந்த வீடுதானே?" என்று கேட்கும். உள்ளதைச் சொல்லியாக வேண்டும். பொய் சொன்னால், சொன்னவரையும் சேர்த்துக் கொண்டுபோய்விடும். அதனால் யாரும் காகத்திடம் பொய் சொல்லத் துணிந்ததில்லை. பாவாயியும் இரண்டு தடவையும் வாசலில் நின்று, "இந்த வீடுதான்" என்று சொன்னவள்தான்.

மூன்றாவது பிள்ளை ஆடி மாதம் பிறந்தது. அதுவும் ஆண். சடையன் குழந்தையைப் பார்த்துச் சிரிக்கப் பயந்துகொண்டு வெளியே போய் எருமைகளோடு நின்றான். பாவாயி பெயரே வைக்கவிடவில்லை. படுத்துக்கொண்டு ஒன்றையே யோசித்தாள். பாவாயி மகன் பொன்னழகன். பாவாயி மகன் முத்தரசன். இரண்டு ஓலையிலும் முதலில் இருந்தது அவள் பெயர்.

பதினாறாம் நாள் எழுந்தாள். குழந்தையைப் பழைய சேலையில் சுற்றிக்கொண்டு அடுத்த சந்துக்குப் போனாள். அங்கே அத்தாயி இருந்தாள். கல்யாணமான மறுவருடமே புருஷனை இழந்தவள். பிள்ளை இல்லை. ஊராருக்கு நெல் குத்திக் கொடுத்துப் பிழைத்துவந்தாள்.

"அக்கா, இவனை வாங்கிக்கோ."

உலக்கையைப் பிடித்தபடி அத்தாயி நின்றாள். "கொடு, கொஞ்ச நேரம் வெச்சிருக்கேன்."

"கொஞ்ச நேரத்துக்கு இல்லக்கா. விலைக்கு வாங்கிக்கோ. இனிமே இவன் உன் மகன்."

"உனக்குப் புத்தி கெட்டுப்போச்சாடி? உன் உசுரை விலைக்கு வாங்க எங்கிட்ட என்ன இருக்கு? இதோ, இந்த முறத்துல தவிடு இருக்கு. வேற ஒண்ணும் இல்ல."

"அதையே கொடு."

அத்தாயிக்கு அப்போதுதான் விளங்கியது. உலக்கையைச் சுவரில் சாத்தினாள். "காக்கா வந்து கேட்டா நான் சொல்லணும். விளையாட்டுக்கு வித்தேன்னு மனசுல வெச்சிருந்தா அது பொய்யாயிரும். அப்புறம் நானும் போயிருவேன்."

"தெரியும். அதனாலதான் நிஜமாவே விக்கிறேன்" என்றாள் பாவாயி. "திரும்பக் கேட்டு வரமாட்டேன். எம் புள்ளைன்னு வாயால சொல்லமாட்டேன். பால் மட்டும் கொடுத்துட்டுப் போறேன். அதுக்கு விட்டுடு."

அத்தாயி கையைத் துடைத்துக்கொண்டு குழந்தையை வாங்கினாள். பாவாயி முறத்தை எடுத்துக்கொண்டு திரும்பிப் பார்க்காமல் நடந்தாள்.

சடையன் முறத்தைப் பார்த்தான். "பெத்த புள்ளைய இதுக்கா கொடுத்துட்டு வந்தே?"

"உசுரோட இருக்கட்டும். யார் புள்ளையா இருந்தா என்ன?"

அவன் முறத்தைத் தொழுவத்துக்கு எடுத்துப்போனான். எருமைகள் முறத்தைப் பார்த்துக் கழுத்தை நீட்டின. அந்தத் தவிட்டை அவற்றுக்கு வைக்க அவனுக்கு மனம் வரவில்லை. பானையில் கொட்டி மூடினான்.

என்ன பெயர் என்று ஊரார் கேட்டபோது அத்தாயி, "தவிட்டுக்கு வாங்கினேன். தவிட்டான்" என்றாள். பெண்கள் சிரித்தார்கள். குழந்தையும் கூடச் சிரித்தது.

பாவாயி நாளுக்கு நாலு தடவை வந்து பால் கொடுத்தாள். தாலாட்டுப் பாடவில்லை. முத்தம் வைக்கவில்லை. "உன் மகன் நல்லாக் குடிக்கிறான் அக்கா" என்று சொல்லிவிட்டுக் குழந்தையைத் திருப்பிக் கொடுத்தாள். முதல் பல் முளைத்தது. அத்தாயிதான் ஓடிவந்து சொன்னாள். "அப்படியா, சந்தோஷம்" என்று பாவாயி அடுப்பைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். அத்தாயி போன பிறகு, அடுப்பில் இருந்தது தீய்ந்து நாறும்வரை அப்படியே உட்கார்ந்திருந்தாள்.

வைகாசியில் ஒருநாள் நடுப்பகலில் காகம் வந்தது. பாவாயி வீட்டில் ஆள் இல்லாததால், தேடிக்கொண்டு அத்தாயி வீட்டு முருங்கைமரத்தில் வந்து உட்கார்ந்தது. முற்றத்தில் இரண்டு பெண்களும் இருந்தார்கள். தவிட்டான் உரலைப் பிடித்துக்கொண்டு நின்று பழகிக்கொண்டிருந்தான்.

காகம் ஓலையைப் பிரித்தது. "பாவாயி மகன். பெயர் எழுதவில்லை. இவன்தானே?"

அத்தாயி குழந்தையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். "இவன் தவிட்டான். எம் மகன். ஒரு முறம் தவிடு கொடுத்து வாங்கினேன்."

காகம் தலையைச் சாய்த்துப் பாவாயியைப் பார்த்தது. "உனக்கு மகன் இருக்கிறானா?"

"ஒருத்தன் பொறந்தான். வித்துட்டேன்." பாவாயி மரத்தை நிமிர்ந்து பார்த்தாள். "எனக்கு மகன் இல்ல."

பால் குடிக்கும் நேரம் அது. தவிட்டான் அவளைப் பார்த்துக் கைநீட்டி அழுதான். பாவாயி அசையவில்லை. ஆனால் மாரில் பால் சுரந்து சேலை நனைந்தது. மறைக்க அவள் முந்தானையை இழுத்துவிட்டாள். அது காகத்தின் கண்ணுக்குத் தப்பவில்லை.

அத்தாயி கண்ணை மூடிக்கொண்டாள். தன் உயிரும் இதோடு போயிற்று என்றே நினைத்தாள். ஆனாலும் குழந்தையைப் பிடித்த பிடியை அவள் விடவில்லை.

காகம் நனைந்த சேலையையும் அழுகிற குழந்தையையும் மாறிமாறிப் பார்த்தது. பிறகு, "போன வருடம் என் கூட்டில் நாலு குஞ்சு பொரிந்தது" என்றது. "நாலுக்கும் ஒன்றுபோல ஊட்டினேன். இறகு முளைத்ததும் ஒன்று வாயைத் திறந்து கூவியது. அது குயில். அன்றைக்கே பறந்துபோய்விட்டது. அது யார் பிள்ளை என்று என்னை யாராவது கேட்டால் என்ன சொல்வேன்? முட்டையிட்டவள் பிள்ளை என்றாலும் சரிதான். என் பிள்ளை என்றாலும் பொய்யில்லை."

ஓலையைச் சுருட்டிக் காலில் இடுக்கிக்கொண்டது. "பாவாயிக்கு மகன் இல்லையாம். அவள் வாயாலேயே கேட்டேன். போய்ச் சொல்லிவிடுகிறேன்."

காகம் பறந்துபோனது. பாவாயி அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டாள். அத்தாயி குழந்தையை அவள் மடியில் வைத்தாள். அவன் அழுகையை நிறுத்திவிட்டுக் குடித்தான்.

மூன்று நாள் அத்தாயி நெல் குத்தப் போகவில்லை. குழந்தையை இடுப்பிலிருந்து இறக்கவும் இல்லை. அவன் தூங்கும்போதும் பார்த்துக்கொண்டே இருந்தாள். நாலாம் நாள் காலையில் அவனைக் குளிப்பாட்டி, பொட்டு வைத்து, பாவாயி வீட்டுக்குத் தூக்கிவந்தாள்.

"வித்ததைத் திருப்பி வாங்க முடியாது, தெரியுமில்ல? இவன் எப்பவும் எம் மகன்தான்" என்றாள். "ஆனா எனக்குப் பால் இல்ல. வேலைக்கும் போகணும். நீ வளர்த்துக் கொடு. பொழுதுபோனா உன் பக்கத்துலயே தூங்கட்டும்."

பாவாயி அத்தாயியின் கையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். பிறகு குழந்தையை வாங்கி, பிறந்து பத்து மாதத்தில் முதல்முறையாக அவன் நெற்றியில் முத்தம் வைத்தாள். அவன் அவள் மூக்கைப் பிடித்து இழுத்தான்.

சடையன் மெல்லத் தொண்டையைச் செருமினான். "அதான் காக்கா போயிருச்சே. இனிமே நல்ல பேரா ஒண்ணு..."

"இதுதான் நல்ல பேரு" என்று இரண்டு பெண்களும் ஒரே நேரத்தில் சொன்னார்கள்.

தவிட்டான் வளர்ந்தான். எருமை மேய்த்தான், கல்யாணம் செய்துகொண்டான், தலையும் நரைத்தது. இரண்டு பேரையும் அம்மா என்றே கூப்பிட்டான்.

அன்றிலிருந்துதான், பிள்ளை தங்காத வீட்டில் ஆண்குழந்தை பிறந்தால் பக்கத்துவீட்டுக்காரி ஒரு முறம் தவிட்டோடு வந்து அவனை விலைக்குக் கேட்கிறாள், பெற்றவளும் மனதாரக் கொடுக்கிறாள். தெருவில் யாராவது "டேய் தவிட்டா!" என்று கத்தினால், இன்றைக்கும் இரண்டு வீட்டுக் கதவு திறக்கிறது.