உயிர் உண்டு என்றவரும் இல்லை என்றவரும்

“அம்மா, என்னை உங்க கட்சியில சேர்த்துக்கோங்க.”

கேட்டவர் சின்னப் பையன் இல்லை. ஐம்பதைத் தாண்டிய பௌத்தத் துறவி. பெயர் நந்தமித்திரர். காவி நிறத் துவராடையும் மொட்டைத் தலையுமாக, சித்திரை வெயிலில் வெண்பாறை மலை உச்சி வரை ஏறி வந்து மூச்சு வாங்க நின்றார்.

கேட்கப்பட்டவர் சமணத் துறவி. சாந்திமதிக் குரத்தியார். பாடம் சொல்லும் பெண் துறவியைக் குரத்தி என்று அழைத்த காலம் அது. பேரில் மட்டும்தான் சாந்தி. அந்த அம்மாள் வாயைத் திறந்தால் பெரிய பெரிய பண்டிதர்களே ஓரமாக ஒதுங்கி நிற்பார்கள்.

குரத்தியார் மயிற்பீலியால் பாறையைப் பெருக்கிக்கொண்டிருந்தார். எறும்பு எதையும் நசுக்காமல் உட்கார வேண்டுமே.

“என்ன சொன்னே?”

“உயிர் உண்டுன்னு சொல்ற கட்சி. உங்க கட்சி. அதுல என்னைச் சேர்த்துக்கோங்க.”

“ஏன், உங்க விகாரையில சோறு போடலையா?”

“விளையாடாதீங்கம்மா.”

அப்போதுதான் குரத்தியார் நிமிர்ந்து அவர் முகத்தைப் பார்த்தார். அழுது அழுது வீங்கிய முகம்.

“சீலர் எங்கே?”

நந்தமித்திரர் ஏறி வந்த பாதையைத் திரும்பிப் பார்த்தார்.

“உன்னைத்தான் கேக்கறேன். உங்க குரு எங்கே? மழைக்கு முன்னாடி வர்றேன்னு சொல்லிட்டுத்தானே போனார்?”

“பங்குனிக் கடைசியில போயிட்டாரும்மா. ரெண்டு நாள் காய்ச்சல். அவ்வளவுதான்.”

குரத்தியார் அப்படியே உட்கார்ந்தார். பெருக்காத பாறையில்.

*

விமலசீலர் கடற்கரை விகாரையின் தலைவர். உயிர் என்று தனியாக ஒன்று கிடையாது என்பது அவர் கட்சி. உடம்பு, உணர்ச்சி, எண்ணம் எல்லாம் சேர்ந்து ஓடுகிற ஓட்டத்துக்கு நாம் வைத்த பேர்தான் மனிதன். ஓட்டத்துக்குள்ளே உட்கார்ந்து ஓட்டுகிறவன் எவனும் இல்லை என்பார்.

குரத்தியார் அதற்கு நேர் எதிர். உயிர் உண்டு, அது அழியாது, சட்டை மாற்றுவதைப்போல உடம்பை மாற்றும் என்பார்.

இருவரும் நாற்பது வருஷத்துக்கு மேல் வாதாடினார்கள். ஒவ்வொரு கோடையிலும் விமலசீலர் இந்த மலை ஏறி வருவார். பின்னால் நந்தமித்திரர்.

அந்தக் காலத்து வாதத்துக்கு ஒரு முறை உண்டு. எதிராளியின் கட்சியை மறுக்கும் முன், அதை நீங்கள் உங்கள் வாயால் சொல்ல வேண்டும். அவர் கேட்டுவிட்டு, “ஆமாம், இதுதான் என் கட்சி” என்று ஒத்துக்கொள்ள வேண்டும். அதற்குப் பிறகுதான் மறுக்கலாம். நன்றாக இருக்கிறதல்லவா? இப்போது யார் இப்படிச் சண்டை போடுகிறார்கள்!

முதல் கோடை முழுக்க அதிலேயே கழிந்தது.

“இது என் கட்சி இல்லை” என்பார் குரத்தியார்.

“பின்னே எதும்மா உன் கட்சி?” என்று தலையில் கை வைப்பார் விமலசீலர்.

“மறுபடி சொல்லுங்க. சரியா சொல்ற வரைக்கும் விட மாட்டேன்.”

இன்னொரு முறையும் இருந்தது. தோற்றவர் வென்றவரின் கட்சியில் சேர்ந்துவிட வேண்டும். அதனால் ஊர் ஜனங்கள் புளிச்சோறு கட்டிக்கொண்டு வேடிக்கை பார்க்க வருவார்கள். இந்த வருஷம் யார் மதம் மாறப்போகிறார் என்று கண்ணை விரித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். வாதம் முடியவே முடியாது. மழை பிடித்துக்கொள்ளும். ஜனங்கள் ஓடிவிடுவார்கள். இவர்கள் இரண்டு பேரும் பாறை இடுக்கில் ஒதுங்கி, நனைந்துகொண்டே சத்தம் போட்டுக்கொண்டிருப்பார்கள்.

ஒரு தடவை அரண்மனை அதிகாரி ஒருவர் பல்லக்கில் வந்தார். “நான் நடுவராக இருந்து தீர்ப்புச் சொல்கிறேன்” என்றார் பாவம். அன்றைக்கு மட்டும்தான் இரண்டு பேரும் ஒரே கட்சி. சேர்ந்துகொண்டு அவரைக் கிழித்த கிழியில், மனுஷன் பல்லக்கைக்கூட மறந்துவிட்டு இறங்கினார்.

என்ன கோடைகள் அவை! கதையாகக் கேட்டாலே சிரிப்பு வருகிறது, கண்ணும் கலங்குகிறது.

*

“இப்ப உனக்கு என்ன வேணும்?” என்று கேட்டார் குரத்தியார்.

“வர்ற பௌர்ணமிக்கு என்னை அவர் இடத்துல உட்கார வைக்கறாங்க. நான்தான் இனிமே பாடம் சொல்லணும்.”

“சொல்லேன்.”

“என்னன்னு சொல்ல? உயிர்னு ஒண்ணு இல்லை, போனவர்னு ஒருத்தர் இல்லைன்னா? சிதையில வச்சப்ப எல்லாரும் அதைத்தான் ஓதினாங்க. என் வாய் திறக்கலை. அவர் இல்லைன்னு என்னால சொல்ல முடியலம்மா.”

“அதனால?”

“உங்க கட்சிப்படி அவர் எங்கேயோ இருக்கார். அது போதும் எனக்கு.”

“என் கட்சிப்படியா? என் கட்சிப்படி அந்த உயிர் இந்நேரம் வேற ஒரு வயித்துல இருக்கு. மாட்டு வயிறோ மனுஷி வயிறோ, யார் கண்டா. பிறந்து உன் எதிர்ல வந்து நின்னாலும் அதுக்கு உன்னைத் தெரியாது. உனக்கும் அதைத் தெரியாது. பரவாயில்லையா?”



“பரவாயில்லை. இருந்தா போதும்.”

“சும்மா கேட்டா சேர்த்துக்க இதென்ன சத்திரமா? முறைப்படி வா. நீ விடற கட்சியை முதல்ல சொல்லு. நான் ஆமாம்னு சொன்னா, அப்புறம் அதை மறுத்துட்டு இந்தப் பக்கம் வரலாம்.”

நந்தமித்திரர் கண்ணை மூடி ஆரம்பித்தார். உடம்பு, உணர்ச்சி, குறிப்பு, எண்ணம், அறிவு என்று மனிதனை ஆக்கும் ஐந்தையும் வரிசையாக அடுக்கினார். ஒரு சொல் பிசகவில்லை.

“இது பாடம்” என்றார் குரத்தியார். “அவர் கட்சி இது இல்லை.”

“இதுதாம்மா அவர் சொல்லிக்கொடுத்தது!”

“உனக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தார். சண்டை என்கிட்டதான் போட்டார். நான் சொல்றேன், கேளு.”

குரத்தியார் நிமிர்ந்து உட்கார்ந்தார். இடது காது மடலைத் தேய்த்துக்கொண்டார். லேசாகச் செருமினார்.

அது விமலசீலரின் செருமல்.

“சரி, நான் சொல்றது தப்பாவே இருக்கட்டும்” என்று ஆரம்பித்தார் குரத்தியார். அதுவும் அவர் ஆரம்பிக்கும் விதம்தான். “இந்த மலைக்கு ஏறி வர்ற ஒத்தையடிப் பாதையைப் பார்த்தியா? யார் போட்டா?”

“யாரும் போடலை” என்றார் நந்தமித்திரர், தன்னை அறியாமல். “நடந்து நடந்து ஆனது.”

“நடக்கறதை எல்லாம் எடுத்துட்டா, பாதைன்னு தனியா ஏதாவது மிஞ்சுமா?”

“மிஞ்சாது.”

“ரெண்டு வருஷம் யாருமே ஏறலைன்னு வச்சுக்கோ. புல் மூடிடுச்சு. பாதை எங்க போச்சு? வேற மலைக்கா?”

“எங்கேயும் போகலை. ஆனா நடந்தவர் ஒருத்தர் இருந்தாரே!” நந்தமித்திரரின் குரல் உயர்ந்தது. “பாதை இல்லாம போகட்டும். நடந்தவர் உண்டுதானே? அவரைத்தான் நான் உயிர்ங்கறேன்.”

“அப்படியா? முதல் வருஷம் ஏறினவன் முப்பது வயசுக்காரன். மூச்சு வாங்காம ஏறினான். கோபக்காரன். போன வருஷம் ஏறினவன் கிழவன். பத்தடிக்கு ஒரு தடவை நின்னான். எதுக்கெடுத்தாலும் சிரிச்சான். அதே கால் இல்லை, அதே கண் இல்லை, அதே கோபமும் இல்லை. ரெண்டு பேரும் ஒருத்தர்தான்னு எப்படிச் சொல்றே?”

“நினைவு இருக்கே! அத்தனை வருஷத்து நினைவு!”

“யார்கிட்ட?”

குரத்தியார் முன்னால் சாய்ந்தார்.

“அந்த நினைவு இப்ப யார்கிட்ட இருக்கு நந்தா?”

விமலசீலர் மட்டும்தான் அவரை நந்தா என்று கூப்பிடுவார்.

அடக்கி வைத்திருந்ததெல்லாம் உடைந்தது. ஐம்பதைத் தாண்டிய மனிதர் பாறையில் கையை ஊன்றிக்கொண்டு குழந்தை மாதிரி தேம்பினார். குரத்தியார் தடுக்கவில்லை. காது மடலிலிருந்து கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

கீழே ஆட்டு மணி கேட்டது. வெயில் கொஞ்சம் தாழ்ந்தது.

“அவரே பேசற மாதிரி இருந்ததும்மா.”

“நாற்பது வருஷம் கேட்டிருக்கேன். ஒரு தடவையாவது ஆமாம் இதுதான்னு அவர் வாயால வாங்கறதுக்கு எத்தனை தடவை அவரை மாதிரியே பேசிப் பார்த்திருப்பேன், தெரியுமா? ராத்திரி தூக்கத்துல எல்லாம் பேசுவேன்னு கூட இருக்கறவங்க கேலி பண்ணுவாங்க.”

“அப்போ அவர் சொன்னது சரின்னு ஒத்துக்கறீங்களா?”

“என்னது!” குரத்தியாருக்கு மூக்கு சிவந்தது. “ஒத்துக்கிட்டா நான் எதுக்கு இத்தனை வருஷம் இந்தப் பாறையில காயறேன்? அந்தப் பாதை வாதத்துக்கு என்கிட்ட மறுப்பு இருக்கு. அருமையான மறுப்பு. இந்தத் தை மாசம்தான் பிடிபட்டுது. ஒரு ஈ நுழைய இடம் இல்லை அதுல. வரட்டும், இந்தத் தடவை மனுஷன் எப்படி முழிக்கறார்னு பார்க்கலாம்னு ஒவ்வொரு நாளும் காத்துக்கிட்டு…”

முடிக்க முடியவில்லை. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார்.

நந்தமித்திரர் அந்த அம்மாள் அழுது பார்த்ததே இல்லை. என்ன செய்வதென்று தெரியவில்லை.

“என்கிட்ட சொல்லுங்கம்மா. நான் கேக்கறேன்.”

“உன்கிட்டயா? நீதான் என் கட்சிக்கு வந்துட்டியே. என்ன சொன்னாலும் பூம்பூம் மாடு மாதிரி தலையை ஆட்டுவே. தலையாட்டறதுக்கு என்கிட்ட நிறைய பேர் இருக்காங்க.” முந்தானைக்குள்ளிருந்தே பேசினார். “இல்லைன்னு சொல்றதுக்கு ஒரே ஒருத்தர் இருந்தார். அவரையும் கொண்டுபோய் எரிச்சுட்டீங்க.”



பிறகு நந்தமித்திரர் எழுந்தார். துவராடையை இழுத்துச் சரிசெய்துகொண்டார். குரத்தியாரின் பக்கத்திலிருந்து விலகி, பாறையைச் சுற்றிப் போய், அவருக்கு நேர் எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.



“உயிர்னு ஒண்ணு கிடையாதும்மா” என்றார்.

குரத்தியார் முந்தானையை விலக்கினார். எதிரே உட்கார்ந்திருப்பவரைப் பார்த்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு முதுகை நிமிர்த்தினார்.

“சத்தமா சொல்லு. இவ்வளவு மெதுவாவா சொல்லுவார் அவர்?”